ஒரே வீடுதான்

அவள் பெயர் எனக்குத் தெரியும். இங்கே எழுதப் போவதில்லை. எழுதினால் எங்கள் சாலில், அதாவது எங்கள் வரிசை வீடுகளில், ஒருத்தருக்கும் ஆள் தெரியாது. தாராவியில் எங்கள் சந்துக்குள் நுழைந்து அந்தப் பெயரைச் சொல்லி விசாரித்தால், அப்படி யாரும் இங்கே இல்லை, அடுத்த சந்தில் கேட்டுப் பாருங்கள் என்றுதான் பதில் வரும். சித்தி வீடு எது என்று கேட்டால், மூக்கு ஒழுகுகிற பிள்ளைகூடக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் வாசலில் விட்டுவிடும்.

உண்மையில் அவள் சித்தி என்றால் செல்வி ஒருத்திக்குத்தான். செல்வியைப் பெற்றவளின் கூடப்பிறந்த தங்கை. செல்வியின் அம்மா மஞ்சள் காமாலையில் போனபோது, துக்கத்துக்கு ஊரிலிருந்து வந்தவள், பிள்ளையைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டுமே என்று தங்கினாள். வருஷம் திரும்புவதற்குள் பெரியவர்கள் கூடிப் பேசி அக்காள் புருஷனுக்கே அவளைக் கட்டிவைத்துவிட்டார்கள். செல்வியும் நானும் அப்போது ஒரே வகுப்பில் ஜடை போட்டுக்கொண்டு போகிற வயசு. நேற்றுவரை சித்தி, இன்றைக்கும் சித்தி. தமிழில் இது ஒரு வசதி, ஒரு வம்பும்கூட. அம்மாவின் தங்கைக்கும் அதே சொல், அப்பாவின் இரண்டாம் தாரத்துக்கும் அதே சொல். செல்வி எதை நினைத்துக்கொண்டு கூப்பிடுகிறாள் என்று யார் போய்க் கேட்பது? செல்வியைப் பார்த்து நாங்களும் சித்தி என்றோம். எங்களைப் பார்த்துச் சால் முழுக்கச் சித்தி என்றது.

எங்கள் வீட்டுக்கு இந்தப் பக்கம் அவர்கள் வீடு, அந்தப் பக்கம் சுனந்தா என்கிற மராத்திக்கார அம்மாள். அவள் சித்தி என்பதைப் பெயர் என்றே எடுத்துக்கொண்டுவிட்டாள். மராத்தியில் ஸித்தி என்று பெண்பிள்ளைக்குப் பெயர் வைப்பார்கள். அதனால் காலையில் குழாயடியில் ஆரம்பித்தால் ராத்திரி கதவைச் சாத்துகிறவரை ‘ஸித்தி தாயி, ஸித்தி தாயி’தான். தாயி என்றால் அவர்கள் பாஷையில் அக்கா. தபால்காரர், சிலிண்டர் கொண்டுவருகிறவர் எல்லாருக்கும் சுனந்தாவே அந்தப் பெயரைச் சொல்லிக்கொடுத்து வைத்திருந்தாள். எனக்குப் பொறுக்கவில்லை. “அது உங்க பேரில்லன்னு ஒரு தடவ சொல்லிட்டா என்ன சித்தி?” என்றேன்.

“விடுட்டி. வாய் நெறயக் கூப்பிடுதா. அதுல என்ன இருக்கு?”

இந்த ‘அதுல என்ன இருக்கு’தான் சித்தி. தையல்காரர் யாரோ ஒரு பருத்த பெண்ணின் ஜாக்கெட்டைத் தவறுதலாக இவளுக்குக் கொடுத்துவிட்டார். திருப்பிக் கொண்டுபோய்க் கொடுத்தால் அவருக்குக் கண் மங்கிவிட்டது என்று சொல்லிக்காட்டுகிற மாதிரி ஆகிவிடுமாம். உள்ளே மடித்துத் தைத்து வருஷக்கணக்கில் போட்டாள். மீன்காரி வேறொருத்தி கேட்ட மீனை இவள் பையில் போட்டால் அன்றைக்கு அந்த மீன்தான் குழம்பு. இதெல்லாம் போகட்டும். அக்காள் படுக்கையில் கிடக்கும்போதே இவள் இடத்தைப் பிடித்துவிட்டாள் என்று குழாயடியில் ஒருத்தி இவள் காதில் விழுகிற மாதிரியே பேசினாள். அக்காள் இருந்தவரை இவள் பம்பாயையே பார்த்ததில்லை. ஒரு வார்த்தை சொன்னால் போதும், அவள் முகம் தொங்கிப்போயிருக்கும். சித்தி குடம் நிறைகிறவரை நின்று, நிறைந்ததும் இடுப்பில் வைத்துக்கொண்டு வந்துவிட்டாள். எங்கள் அம்மாதான் சண்டைக்குப் போனாள். சித்தி அம்மாவின் முந்தானையைப் பிடித்து இழுத்து, “விடுங்க மதினி, பேசி வாய் வலிச்சா அவளே நிறுத்திருவா” என்றாள்.

ஆனால் ஒரே ஒரு தப்பை மட்டும் அவள் விட்டதே இல்லை. அடுத்தவர் வாயிலிருந்து அது முழுசாக வெளியே வருவதற்குள் திருத்திவிடுவாள். பள்ளிக்கூடத்தில் டீச்சர் ரிப்போர்ட் கார்டை நீட்டிக்கொண்டு “செல்வி கி மம்மி?” என்பார். “மம்மி நஹி, சித்தி” என்பாள். அது டீச்சருக்குப் புரியாது. புரியவேண்டும் என்று சித்திக்கும் இல்லை. டாக்டரிடம், வளையல்காரனிடம், பஸ்ஸில் பக்கத்து சீட்டில் இருந்த முன்பின் தெரியாதவளிடம், எல்லாரிடமும் அதேதான். தன்னைக் குறைத்துச் சொன்னதையெல்லாம் காதில் வாங்காமல் போகிறவள், யாராவது ஒரு படி உயர்த்திச் சொல்லிவிட்டால் பதறிப்போவாள். அந்த நேரத்தில் செல்வி எங்கேயோ பார்த்துக்கொண்டு நிற்பாள்.

செல்விக்கும் அவள் அப்பாவுக்கும் நேரடிப் பேச்சு கிடையாது. சண்டை என்றும் சொல்ல முடியாது. அந்தக் கல்யாணத்துக்குப் பிறகு அவள் பேச்சைக் குறைத்தாள், அவர் கேட்கவில்லை, அப்படியே நின்றுபோய்விட்டது. நாங்கள் அவரை அண்ணாச்சி என்போம். பலசரக்குக் கடை. கடையில் மராத்தி, ஹிந்தி, குஜராத்தி என்று வெளுத்து வாங்குவார். வீட்டுக்குள் நுழைந்தால் வாயில் கொழுக்கட்டை. “அவகிட்ட சொல்லு, எட்டு மணிக்கு மேல வெளிய நிக்கக்கூடாதுன்னு” என்பார், மகள் முன்னாலேயே உட்கார்ந்திருக்க. சித்தி திரும்பி, “அப்பா ஒன்னயத் தேடுதாவட்டி, சீக்கிரம் வந்துரு” என்பாள். “அப்பாட்ட சொல்லு, எனக்கு வாட்ச் பாக்கத் தெரியும்னு” என்பாள் செல்வி. “சரின்னு சொல்லுதா” என்று சித்தி அந்தப் பக்கம் சொல்வாள். மூன்று பேருக்கும் எல்லாமே காதில் விழுந்துகொண்டுதான் இருக்கும். முதலில் எனக்கு இது சிரிப்பாக இருந்தது. அப்புறம் அந்த வீட்டுக்குள் போகவே ஒரு மாதிரி இருந்தது.

செல்வி வேலைக்குப் போன ஆபீஸில் அமோல் என்று ஒரு பையன். மராத்திக்காரன், காந்திவலி. செல்வி முதலில் என்னிடம் சொன்னாள், அடுத்து சித்தியிடம் சொன்னாள். சித்தி அண்ணாச்சியிடம் எப்படிச் சொன்னாளோ, எத்தனை நாள் சொன்னாளோ, ஒருவழியாக அவர் பையனைப் பார்க்கச் சம்மதித்தார். பையனுடைய அம்மாவும் வருவதாகச் சொன்னாள். செல்வி ஒரே ஒரு நிபந்தனை போட்டாள். வீட்டில் வேண்டாம், வெளியே எங்கேயாவது பார்க்கலாம் என்றாள்.

உட்கார இடம் போதாது என்று காரணம் சொன்னாள். இடம் போதாது என்பது தாராவிக்கே தெரிந்த விஷயம். ஆனால் அது இல்லை. வீட்டுக்கு வந்தால் சுவரில் மாலை போட்ட படத்தைப் பார்ப்பார்கள். படத்துக்குக் கீழேயே அதே முகச்சாடையில் ஒருத்தி நின்று டீ ஊற்றிக்கொண்டிருப்பாள். இவர் யார் என்று கேட்டால் பதில் சொல்ல வேண்டும். அந்தப் பதில் செல்விக்கு வாயில் வரவில்லை. அது சித்திக்கும் தெரிந்திருக்கும் என்றுதான் நினைக்கிறேன். “வெளியதான் நல்லது, காத்தாட இருக்கலாம்” என்று அவளே முந்திக்கொண்டு சொன்னாள்.

அப்படித்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாஹிமில் ரயில் ஏறி போரிவலி நேஷனல் பார்க்குக்குப் போனோம். அண்ணாச்சி ஆண்கள் பெட்டியில், நாங்கள் பெண்கள் பெட்டியில். துணைக்கு நானும் அம்மாவும். எங்கள் அம்மா பட்டுப்புடவை கட்டி, கழுத்தில் இருக்கிறதையெல்லாம் மாட்டிக்கொண்டு வந்தாள். பார்த்தால் அம்மாவுக்குத்தான் நிச்சயம் என்று நினைப்பார்கள். சித்தி விடிவதற்கு முன்னாலேயே எழுந்து எலுமிச்சம்பழச் சோறு, உருளைக்கிழங்கு வறுவல், தயிர்ச்சோறு என்று ஒரு பட்டாளத்துக்கு ஆகிற மாதிரி கட்டியிருந்தாள். கட்டியிருந்தது வெளுத்துப்போன ஒரு நூல் சேலை. அக்காளுடையது. அவளிடம் இருந்ததெல்லாம் அக்காள் சேலைகள்தான். “இன்னைக்காவது நல்லதா ஒண்ணு எடுத்து உடுத்தப்படாதா?” என்று அம்மா கேட்டதற்கு, “தூக்குச்சட்டிய வச்சுக்கிட்டு பட்டு உடுத்தவா? எண்ணெய் கொட்டிரும்” என்றாள்.

பார்க்குக்குள் போய் அண்ணாச்சி முன்னால் நடந்தார். செல்வி என் கையைப் பிடித்துக்கொண்டு பின்னால் வந்தாள். நடுவில் இரண்டு பையோடு சித்தி. முன்னால் இருந்து, “அவகிட்ட கேளு, பையன் எந்த கேட்டுப் பக்கம் வாரான்னு” என்று வரும். பின்னால் இருந்து, “போட் பக்கத்துல நிப்பாங்கன்னு சொல்லு” என்று போகும். பையை வாங்கிக்கொள்ள நான் கை நீட்டினேன். கொடுக்கவில்லை.

போட் விடுகிற ஏரிக்கரையில் பையனும் அவன் அம்மாவும் காத்திருந்தார்கள். நல்ல மனுஷி, அதைச் சொல்லிவிட வேண்டும். எங்கள் அம்மா கையைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள், செல்வியின் கன்னத்தைத் தடவினாள். மரத்தடியில் ஜமுக்காளம் விரித்தாயிற்று. சித்தி அதற்குள் குத்துக்காலிட்டு உட்கார்ந்து டப்பாக்களைத் திறக்க ஆரம்பித்துவிட்டாள். செல்வி ஒவ்வொருத்தராகக் காட்டி ஹிந்தியில் சொல்லிக்கொண்டு வந்தாள். இது பப்பா, இது என் ஃப்ரெண்ட், இது அவளோட மம்மி. சித்தியிடம் வந்தபோது ஒரு நொடி நின்றாள்.

“அவுர் யே… மாவ்ஷி.”

தப்பு ஒன்றும் இல்லை. சித்திக்கு மராத்தியில் மாவ்ஷிதான். எந்த வாத்தியாரும் முழு மார்க் கொடுப்பார். ஆனால் இந்த ஊரில் பாத்திரம் தேய்க்க வருகிறவளையும் மாவ்ஷி என்றுதான் கூப்பிடுவார்கள். வெளுத்த சேலையை இடுப்பில் செருகிக்கொண்டு, வேர்வை வழிய, எல்லாருக்கும் தட்டு வைத்துக்கொண்டிருக்கிற ஒருத்தியைக் காட்டி மாவ்ஷி என்றால், அந்த அம்மாள் என்ன நினைப்பாள்?

அதைத்தான் நினைத்தாள். முதலில் “மாவ்ஷி, கொஞ்சம் தண்ணி” என்றாள். சித்தி ஊற்றிக் கொடுத்தாள். பிறகு செல்வியின் தலையைத் தடவி, உனக்கு அம்மா இல்லை என்று அமோல் சொன்னான் என்று கண் கலங்கினாள். செல்வி குனிந்துகொண்டாள். எலுமிச்சம்பழச் சோற்றை ஒரு வாய் வைத்ததும் அந்த அம்மாளுக்கு முகம் மலர்ந்துவிட்டது. சித்தியைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே கேட்டாள்.

“மாவ்ஷி, கித்னே கர் மே காம் கர்த்தி ஹோ?”

எத்தனை வீட்டில் வேலை பார்க்கிறாய் என்று.

 அம்மா நிமிர்ந்து உட்கார்ந்து வாயைத் திறந்தாள். திறந்த வாய்க்கு நேராகச் சித்தி ஒரு தட்டை நீட்டி, “மதினி, உருளைக்கிழங்கு எடுத்துக்கிடுங்க” என்றாள். கண்ணால் கெஞ்சினாள். அண்ணாச்சி ஏரியில் போகிற போட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு ஹிந்தி தெரியாதா? கடையில் நாளெல்லாம் பேசுகிற பாஷை. செல்வி கையிலிருந்த போனை எடுத்து அதில் எதையோ தேட ஆரம்பித்தாள். யாராவது பேசுவார்களா என்று நான் ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன்.

சித்திதான் பேசினாள்.

“ஏக் ஹீ கர், பாய்.” ஒரே வீடுதான், அம்மணி.

“ரொம்ப வருஷமாகவா?” என்றாள் அந்த அம்மாள்.

ஆமாம் என்று சித்தி தலையாட்டினாள். தனக்குத் தெரிந்த அரைகுறை ஹிந்தியில், இந்தப் பிள்ளை சின்னதாக இருந்ததிலிருந்து என்று செல்வியைக் காட்டினாள். அந்த அம்மாளுக்கு மனசு இளகிப்போயிற்று. இந்தக் காலத்தில் இப்படி ஒரு மாவ்ஷி யாருக்குக் கிடைக்கும், நீ கொடுத்துவைத்தவள் என்று செல்வியிடம் சொன்னாள்.

“ஹாங், ஆன்ட்டி” என்றாள் செல்வி.

அதற்குப் பிறகு போட்டில் போனார்கள். படம் எடுத்தார்கள். சித்தி டப்பாக்களைக் கழுவக் குழாய் தேடிப் போனவள், படமெல்லாம் எடுத்து முடித்தபிறகு வந்தாள்.

ஸ்டேஷனுக்குத் திரும்பும்போது அம்மா வெடித்தாள். “ஏன் மதினி, ஒங்களுக்கு என்ன கிறுக்கா? வேலைக்காரின்னு நெனச்சிட்டுப் போறா, நீங்களும் ஒரே வீடுங்கிய! இந்த மனுசனாவது வாயத் தொறந்தாரா, நல்லா இருக்கட்டும்!” அண்ணாச்சி முன்னால்தான் போய்க்கொண்டிருந்தார். நடையைக் கொஞ்சம் வேகப்படுத்தினார்.

“மெல்லப் பேசுங்க மதினி. நான் பொய்யா சொன்னேன்? ஒரே வீடுதான?” என்றாள் சித்தி. “மொத மொதப் பாக்க வந்தவ. எல்லார் முன்னாலயும் அவள வெக்கப்பட வச்சா, நாளைக்கு நம்ம புள்ள மூஞ்சியப் பாக்கும்போதெல்லாம் அது ஞாபகம் வரும்லா? கல்யாணம் நடக்கட்டும். அதுல என்ன இருக்கு?”

செல்வி எங்கள் பின்னால்தான் வந்துகொண்டிருந்தாள். எல்லாமே கேட்டிருக்கும்.

மாஹிம் வண்டியில் பெண்கள் பெட்டி நல்ல கூட்டம். ஜன்னலோரம் யாரோ ஒருத்தி, அவளை அடுத்துச் சித்தியும் செல்வியும், நானும் அம்மாவும் எதிரில். அந்தேரியில் ஒருத்தி கூடையோடு ஏறினாள். மூன்று பேர் சீட்டில் நாலாவதாக ஒண்டிக்கொள்வது இந்த ஊர் ரயிலில் எழுதாத சட்டம். அவள் செல்வியைத் தட்டி, உன் மம்மியைக் கொஞ்சம் தள்ளி உட்காரச் சொல் என்றாள்.

செல்வி சித்தியைப் பார்த்தாள். தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னாள்.

“அம்மா… கொஞ்சம் தள்ளு.”

சித்தி நகரவில்லை. யாரைக் கூப்பிடுகிறாள் என்று இந்தப் பக்கம் பார்த்தாள், அந்தப் பக்கம் பார்த்தாள். எதிரில் எங்கள் அம்மாவைப் பார்த்தாள். பிறகு செல்வியின் முகத்தைப் பார்த்தாள். புரிந்தது. ஐயோ, அந்த முகம்! எதையோ போட்டு உடைத்துவிட்டவள் மாதிரி ஒரு பயம். சட்டென்று ஜன்னல் பக்கமாக ஒடுங்கி இடம் விட்டாள். விட்டுவிட்டு, கூடைக்காரியைப் பார்த்து மெதுவாகச் சொன்னாள்.

“மம்மி நஹி. சித்தி.”

“ஹோகா, ஹோகா”, இருக்கட்டும் இருக்கட்டும் என்று கூடைக்காரி உட்கார்ந்துகொண்டாள். அவளுக்கு என்ன? செல்வி எழுந்து கதவுப் பக்கம் போய் நின்றுவிட்டாள். மாஹிம் வருகிறவரை திரும்பவில்லை.

அன்று சாயங்காலம் அம்மா சித்தியைப் பிடித்துக்கொண்டாள். “வேலைக்காரின்னதுக்கு வாயத் தொறக்கல. புள்ள ஆசையா அம்மான்னா, அத மட்டும் ஓடிப்போயித் திருத்துதிய. அது மனசு என்ன பாடுபடும்?”

சித்தி அந்தத் தூக்குச்சட்டியைக் கவிழ்த்து வைத்துக்கொண்டிருந்தாள்.  “எங்கக்கா சேலைய உடுத்துதேன். எங்கக்கா சட்டில பொங்குதேன். எங்கக்கா புருசனுக்கு முந்தி விரிச்சேன். அவளுக்குன்னு மிச்சம் இருக்கது அந்தப் புள்ள வாயில அந்த ஒரு சொல்லுதான் மதினி. அதயும் நானா எடுத்துக்கிட?” என்றாள். அழவில்லை. எங்கள் அம்மாதான் அழுதாள்.

அமோலுக்கும் செல்விக்கும் கல்யாணம் நடந்தது. அதற்குள் அவன் அம்மாவுக்கு விஷயம் தெரிந்துபோய், ஓடிவந்து சித்தியின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு மன்னிப்புக் கேட்டாள். “க்யா ஹை உஸ்மே, பாய்” என்றாள் சித்தி. அவளுடைய ‘அதுல என்ன இருக்கு’வை ஹிந்தியில் அன்றைக்குத்தான் கேட்டேன். செல்வி பூனாவுக்குக் குடிபோனாள். வரும்போதெல்லாம் சித்திக்குச் சேலை வாங்கிவருவாள். அது பெட்டியில் இருக்கும். அந்தச் சொல்லை மட்டும் மறுபடி அவள் சொல்லிப் பார்க்கவே இல்லை.

போன மழைக்காலத்தில் சித்திக்கு நெஞ்சு வலி வந்தது. வாயுப்பிடிப்பு, அதுல என்ன இருக்கு என்று படுத்தவள் எழுந்திருக்கவில்லை.

சந்து முனையில் கண்ணீர் அஞ்சலி பேனர் கட்டினார்கள். அண்ணாச்சி பிரிண்டிங் கடைக்காரனுக்குப் போனில் அவள் பெயரை எழுத்தெழுத்தாகச் சொன்னார். அவர் வாயிலிருந்து அந்தப் பெயர் வந்து நான் கேட்டது அன்றைக்குத்தான். சுனந்தா பேனருக்குக் கீழே நின்று அழுதுகொண்டே, என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டாள். படித்துச் சொன்னேன். “நஹி நஹி, அவள் பெயர் ஸித்தி. தப்பாகப் போட்டுவிட்டார்கள், மாற்றச் சொல்” என்று சண்டைக்கே வந்துவிட்டாள். சால்காரர்கள் இரண்டு பேர் என்னிடம் வந்து, இது யார் பெயர் என்று கேட்டார்கள்.

செல்வி இதையெல்லாம் பார்த்துக்கொண்டு நின்றாள். வீட்டுக்குள் போய் ஒரு தடித்த மார்க்கர் பேனாவோடு வந்தாள். அவளுக்குத் தமிழ் எழுதுகிற பழக்கம் விட்டுப்போயிருந்தது. ஆறாம் வகுப்பிலேயே இங்கிலீஷ் பள்ளிக்கூடத்துக்கு மாற்றிவிட்டார்கள். பேனாவை என் கையில் திணித்து, பெயருக்குக் கீழே வெறுமையாக இருந்த இடத்தைக் காட்டினாள்.

“எழுது.”

“என்னன்னு?”

“அம்மான்னு.”

பேனர் கட்டின ஏணி அங்கேயே சாய்ந்திருந்தது, பேனாவோடு அதில் ஏறி நின்றேன். எனக்கு அந்தேரிக் கூடைக்காரி ஞாபகம் வந்தாள். ஏணிமேல் நிற்கிற என்னைச் செல்வி கீழேயிருந்து பார்த்துக்கொண்டிருந்தாள். முகமெல்லாம் வீங்கிப்போயிருந்தது.  எழுதினேன். மழை ஈரத்தில் மை சரியாகப் பிடிக்கவில்லை, அ கொஞ்சம் கோணிக்கொண்டது. இரண்டாம் தடவை அழுத்தி எழுதிவிட்டு இறங்கி, இருவரும் நின்று பார்த்தோம். திருத்துவதற்குச் சித்தி இல்லை.